ஐந்து சென்ட் ரொட்டி: கிரிஃபித்தின் கோதுமைப் படம்

1909 டிசம்பர் 13 அன்று பயோகிராஃப் நிறுவனம் வெளியிட்ட ‘எ கார்னர் இன் வீட்’ என்ற மௌனப் படத்தில் ஒரு ரொட்டிக் கடை வருகிறது. கடைக்குள் ஓர் அறிவிப்பு தொங்குகிறது: மாவு விலை ஏறிவிட்டதால் வழக்கமான 5 சென்ட் ரொட்டி இனி 10 சென்ட். இந்தப் படத்தைப் பார்க்க வந்தவர்கள் கொட்டகை வாசலில் கொடுத்த கட்டணமும் பெரும்பாலும் 5 சென்ட்தான். 1905இல் பிட்ஸ்பர்க்கில் தொடங்கி நாடெங்கும் முளைத்த நிக்கலோடியன் கொட்டகைகளுக்கு அந்தப் பெயரைக் கொடுத்ததே 5 சென்ட் நாணயம்தான். தொழிலாளர்களும் புதிதாகக் கப்பலிறங்கிய குடியேறிகளும் அந்தக் கொட்டகைகளின் முக்கியமான வாடிக்கையாளர்கள். ஒரு ரொட்டியின் விலையைக் கொடுத்துவிட்டு இருட்டில் உட்கார்ந்திருந்தவர்களிடம் ரொட்டி விலை இரட்டிப்பான கதையைச் சொல்கிறது படம். இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித் இதைக் கணக்குப் போட்டுச் செய்திருக்க வேண்டியதில்லை. பார்த்தவர்களுக்குக் கணக்கு விளங்கியிருக்கும்.

படம் ஒரே ரீல், ஆயிரம் அடிக்குச் சற்றுக் குறைவு. ஓடும் நேரம் ஏறக்குறைய 14 நிமிடம். கதையைச் சில வரிகளில் சொல்லிவிடலாம். ஒரு விவசாயக் குடும்பம் விதைக் கோதுமையைக் கையில் எடுத்துப் பார்க்கிறது. விவசாயியும் ஒரு முதியவரும் விதைக்கிறார்கள். நகரத்து அலுவலகத்தில் ‘கோதுமை அரசன்’ எனப்படும் வணிகன் திட்டமிடுகிறான். சந்தையின் மொத்தக் கோதுமையையும் தன் பிடிக்குள் கொண்டுவருகிறான். அதில் சிலர் ஒரே நாளில் ஓட்டாண்டி ஆகிறார்கள். அவன் வீட்டில் விருந்து நடக்கிறது. ரொட்டிக் கடையில் விலை ஏறுகிறது. விவசாயி வெறுங்கையோடு வீடு திரும்புகிறார். தன் தானியக் கிடங்கை விருந்தினர்களுக்குச் சுற்றிக்காட்டப் போன இடத்தில் வணிகன் கால் தவறிக் கோதுமைக்குள் விழுந்து மூச்சுத் திணறிச் சாகிறான். விவசாயி தனியாக விதைத்துக்கொண்டிருக்கிறார்.

விவசாயி அரசனைப் பார்த்ததே இல்லை. ரொட்டிக் கடையில் நிற்கும் பெண் விவசாயியைப் பார்த்ததில்லை. அரசன் இவர்கள் இருவரையும் பார்த்ததில்லை. மூன்று உலகங்களும் ஒரே ஷாட்டுக்குள் ஒருமுறைகூட வருவதில்லை. அவற்றைச் சேர்த்துவைப்பது படத்தொகுப்பு மட்டும்தான். நூறாண்டு கடந்தும் இந்தச் சின்னப் படம் பேசப்படுவதற்குக் காரணம் அதுவே என்று நினைக்கிறேன். சந்தை என்பது கண்ணுக்குத் தெரியாத பொருள். விலை ஏறியதைக் காட்டலாம், ஏறியது எப்படி என்பதை எந்த ஒற்றைக் காட்சியிலும் காட்ட முடியாது. ஒரு ஷாட்டுக்கும் அடுத்த ஷாட்டுக்கும் இடையே உள்ள வெட்டில் அதைக் காட்டலாம் என்று கண்டுபிடித்த படங்களில் இது முதல் வரிசையில் நிற்கிறது.

கதையின் வேர் ஃபிராங்க் நாரிஸ் என்ற நாவலாசிரியரிடம் இருக்கிறது. கோதுமை விளைவது, விற்பனையாவது, தின்னப்படுவது என்று மூன்று நாவல்கள் எழுதத் திட்டமிட்டவர் அவர். முதல் நாவல் ‘தி ஆக்டோபஸ்’ 1901இல் வந்தது. சிகாகோ தானியச் சந்தையைப் பற்றிய ‘தி பிட்’ 1903இல் வந்தபோது அவர் உயிரோடு இல்லை. 1902இல், 32 வயதில் இறந்துவிட்டார். மூன்றாவது நாவல் எழுதப்படவே இல்லை. ‘எ டீல் இன் வீட்’ என்ற சிறுகதையும் அவர் விட்டுச்சென்றவற்றுள் ஒன்று. கிரிஃபித் சந்தைச் சூழலை ‘தி பிட்’டிலிருந்தும், ரொட்டி வரிசையைச் சிறுகதையிலிருந்தும், கோதுமைக்குள் மூழ்கிச் சாவதை ‘தி ஆக்டோபஸ்’ஸிலிருந்தும் எடுத்துக்கொண்டார்.

எடுத்ததைவிட மாற்றியதுதான் கவனிக்க வேண்டியது. நாரிஸின் சிறுகதையில் ஒரு கான்சாஸ் விவசாயி கோதுமை விலை சரிந்ததால் நிலத்தை இழக்கிறார். பிழைப்புத் தேடிச் சிகாகோ போய், இலவச ரொட்டிக்கு வரிசையில் நிற்கிறார். இப்போது விலை ஏறிவிட்டது, அதனால் அந்த ரொட்டியும் நின்றுபோகிறது. விலை இறங்கியபோதும் அடி, ஏறியபோதும் அடி, இரண்டும் ஒரே மனிதர் மேல். கிரிஃபித் அந்த ஒரு மனிதரை இரண்டாகப் பிளக்கிறார்: விளைவிப்பவர் ஓரிடத்தில், தின்ன வழியில்லாதவர் வேறோரிடத்தில். நாரிஸின் கதையில் தற்செயல் செய்த வேலையை இங்கே படத்தொகுப்பு செய்கிறது. சிறுகதையின் சோகம் தனிமனிதருடையது. படத்தில் அது ஓர் ஏற்பாட்டின் சோகமாகிவிடுகிறது.

அந்த ஏற்பாடு எப்படி வேலை செய்தது என்பதைப் படம் விளக்குவதில்லை. 14 நிமிடத்தில் முடியவும் முடியாது. சிகாகோ சந்தையில் முன்பேர வணிகம் நடந்தது. மே மாதம் இத்தனை புஷல் கோதுமையை இன்ன விலைக்குத் தருகிறேன் என்று குளிர்காலத்திலேயே ஒருவர் எழுதிக் கொடுப்பார். அவரிடம் அப்போது ஒரு மணி கோதுமைகூட இருக்க வேண்டியதில்லை. மே வருவதற்குள் விலை இறங்கும், மலிவாக வாங்கிக் கொடுத்துவிட்டு மிச்சத்தைப் பையில் போடலாம் என்பது அவர் கணக்கு. இந்த ஒப்பந்தங்களை ஒருவரே சத்தமில்லாமல் வாங்கிக் குவித்து, கிடங்குகளில் இருக்கும் கோதுமையையும் வாங்கிப் பூட்டிவிட்டால் என்ன ஆகும்? தவணை நாளில் விற்றவர்கள் அத்தனை பேரும் சரக்குக்காக அலைவார்கள். சரக்கு இருப்பது அவரிடம் மட்டுமே. அவரிடமே வாங்கி அவரிடமே கொடுக்க வேண்டும், விலையையும் அவரே சொல்வார். படத்தில் ஒரு தரகர் அரசனின் அலுவலகத்துக்கு வந்து கெஞ்சுவது இந்த நிலைமையில்தான்.

நாரிஸ் இதைக் கற்பனையில் பிடிக்கவில்லை. 1897–98இல் ஜோசப் லைட்டர் என்ற இளைஞர், தந்தை லீவை லைட்டரின் செல்வத்தை முதுகில் வைத்துக்கொண்டு சிகாகோவின் கோதுமையை மடக்கப் பார்த்தார். எதிர்ப்பக்கம் இறைச்சி வணிகத்தின் பெரும்புள்ளி ஃபிலிப் ஆர்மர். அவர் பெருங்குளிரில், ஏரிகளில் உறைந்திருந்த பனியைப் படகுகளை வைத்து உடைத்து வழி உண்டாக்கி, வடக்கிலிருந்து கோதுமையைச் சிகாகோவுக்கு வரவழைத்தார். 1898 மே மாதத்தில் ஒரு புஷல் 1.85 டாலர் வரை போன விலை அடுத்த மாதம் கவிழ்ந்தது. லைட்டர் குடும்பம் பல மில்லியன் டாலர் இழந்தது. அதே மே மாதத்தில் இத்தாலியின் மிலான் நகரில் ரொட்டி விலை உயர்வை எதிர்த்துத் தெருவுக்கு வந்த மக்கள்மேல் ராணுவம் பீரங்கியால் சுட்டது. அந்த விலையேற்றத்துக்கு மோசமான அறுவடையும் அமெரிக்க–ஸ்பானியப் போரும் சேர்ந்து காரணம். எல்லாவற்றையும் லைட்டர் தலையில் கட்டுவது நியாயமில்லை. ஆனால் சிகாகோவில் ஒருவர் எழுதும் விலை கடல் தாண்டிப் போகும் காலம் வந்துவிட்டது என்பதற்கு அந்த வசந்தகாலம் போதுமான சான்று.

இங்கே ஓர் இடைச்செருகல். லீவை லைட்டரின் மகள் மேரி 1895இல் ஓர் ஆங்கிலேயரை மணந்தார். அவர்தான் 1899 முதல் இந்தியாவின் வைஸ்ராயாக இருந்த கர்சன். கர்சன் பதவிக்கு வந்த ஆண்டிலேயே இந்தியாவின் மேற்கிலும் நடுவிலும் பெரும் பஞ்சம் பரவியது. நாரிஸின் ‘தி ஆக்டோபஸ்’ஸில் ரயில்வே நிறுவனத்தின் ஆள் பேர்மன் கோதுமைக்குள் புதைந்து சாகும் இடம் ஒரு கப்பலின் சரக்கறை. அந்தக் கப்பலில் கொட்டப்படும் கோதுமை இந்தியாவில் பஞ்சத்தால் வாடுபவர்களுக்குப் போகிறது. வைஸ்ராயின் மைத்துனர் ஜோசப் ‘தி பிட்’டுக்கு முன்மாதிரி, வைஸ்ராயின் ஆட்சிக்காலப் பஞ்சத்தின் நிழல் முந்தைய நாவலின் முடிவில். கிரிஃபித் கப்பலைத் தானியக் கிடங்காக மாற்றியபோது இந்தியா கதையிலிருந்து விழுந்துவிட்டது. நாரிஸுக்கு இருந்த உலக வரைபடம் கிரிஃபித்துக்கு இல்லை.

படம் எடுக்கப்பட்ட ஆண்டிலும் ஒரு கோதுமை அரசர் செய்தித்தாள்களில் இருந்தார். ஜேம்ஸ் பேட்டன் 1909 வசந்தகாலத்தில் கோதுமையை வாங்கிக் குவித்து விலையை ஏற்றிவிட்டதாக நாடெங்கும் பேச்சு. அவரோ, வரத்துக் குறைவு, தேவை அதிகம், இதில் என் கைவரிசை ஒன்றுமில்லை என்று வாதாடினார். ஆகவே டிசம்பரில் இந்தப் படத்தைப் பார்த்தவர்களுக்கு ரொட்டிக் கடை அறிவிப்பு பழைய நாவலிலிருந்து வந்ததாகத் தோன்றியிருக்காது.

கிரிஃபித் அப்போது பயோகிராஃபில் இரண்டாம் ஆண்டில் இருந்தார். 1908 முதல் 1913 வரை அங்கே அவர் எடுத்தவை 450க்கும் மேல். வாரத்துக்கு இரண்டு மூன்று படம் என்ற வேகம், நியூயார்க் 14ஆவது தெருவில் ஒரு பழைய மாளிகைக்குள் ஸ்டுடியோ, கேமராவுக்குப் பின்னால் பில்லி பிட்சர். நடிகர்களின் பெயரை நிறுவனம் விளம்பரப்படுத்தாது. அரசனாக நடித்த ஃபிராங்க் பவல், விவசாயியாக நடித்த ஜேம்ஸ் கிர்க்வுட், விவசாயியின் மனைவியாக வரும் லிண்டா ஆர்விட்சன் ஆகியோரைப் பார்த்தவர்கள் முகத்தால்தான் அறிந்தார்கள். லிண்டா கிரிஃபித்தின் மனைவி என்பதும் அன்று பலருக்குத் தெரியாது.

விதைக்கும் ஷாட்டை நிதானமாகப் பார்க்க வேண்டும். உழுத வயல் திரையை நிறைத்துக் கிடக்கிறது. தூரத்திலிருந்து விவசாயியும் முதியவரும் கேமராவை நோக்கி நடந்து வருகிறார்கள், ஒவ்வோர் அடிக்கும் கை வீசி விதை இறைத்தபடி. பின்னால் குதிரைகள் மண்ணை மூடும் கருவியை இழுத்து வருகின்றன. அருகே வந்ததும் திரும்பி, வந்த வழியே போகிறார்கள். நாடகமாக ஒன்றும் நடப்பதில்லை, ஷாட் மட்டும் நீள்கிறது. ஃபிரெஞ்சு ஓவியர் மில்லேயின் ‘விதைப்பவன்’ ஓவியத்தை இதில் காணாத விமர்சகர் குறைவு. என் கண்ணில் படுவது ஓவியச் சாயலைவிட நேரம். ஒரு சால் போய்த் திரும்ப எவ்வளவு ஆகுமோ அவ்வளவு நேரம் காத்திருக்க வைக்கிறார்கள். அடுத்து அரசனின் அலுவலகம்: கையசைப்பு, கட்டளை, பரபரவென்று வெளியேறும் ஆட்கள். அதற்கடுத்த சந்தைக் காட்சியில் கூச்சல் காதில் கேட்கிற அளவுக்குக் கைகளும் தொப்பிகளும் மோதுகின்றன. உழைப்புக்கு ஒரு வேகம், ஊக வணிகத்துக்கு ஒரு வேகம் என்று ஷாட்டின் நீளமே சொல்லிவிடுகிறது.

பிறகு வருகிறது படத்தின் மிகத் துணிச்சலான இடம். விருந்தில் மது ஊற்றுகிறார்கள், பட்டாடைகள் அசைகின்றன. அங்கிருந்து ரொட்டிக் கடை. சிலர் முணுமுணுத்தபடி காசைப் போட்டு ரொட்டியை எடுத்துப்போகிறார்கள். ஒரு சிறுமியோடு வந்த பெண்ணிடம் அவ்வளவு காசு இல்லை, ரொட்டி இல்லாமல் வெளியே போகிறாள். மீண்டும் விருந்து. மீண்டும் ரொட்டி வரிசை, ஆனால் இம்முறை வரிசையில் ஒருவரும் அசைவதில்லை. படம் நின்றுவிட்டதோ என்று தோன்றும். ஒரே ஃபிரேமைத் திரும்பத் திரும்ப அச்சிட்ட தந்திரம் இல்லை அது. நடிகர்கள் மூச்சைப் பிடித்து நிற்கிறார்கள், உற்றுப் பார்த்தால் உடல்கள் மெல்ல ஆடுவது தெரியும். அன்றைய நாடக மேடையில் உச்சக் கட்டத்தில் எல்லோரும் சிலையாக நிற்கும் வழக்கம் இருந்தது. அந்தப் பழைய பழக்கத்தைக் கிரிஃபித் இடம் மாற்றி வைக்கிறார். சினிமா என்றால் அசைவு என்று கட்டணம் கொடுத்து வந்தவர்களுக்கு, பசித்தவர்களைக் காட்டும்போது மட்டும் அசைவை மறுக்கிறார்.

இணைத்துக் காட்டும் உத்தி அவருக்குப் புதிதல்ல. ஆறு மாதம் முன்பு, 1909 ஜூனில் வந்த ‘தி லோன்லி வில்லா’வில் வீட்டுக்குள் தாயும் மகள்களும், கதவை உடைக்கும் திருடர்கள், தொலைபேசியில் விஷயம் தெரிந்து விரைந்து வரும் கணவன் என்று மூன்று இடங்களை மாற்றி மாற்றி வெட்டிப் பதற்றம் கூட்டினார். அங்கே வெட்டு எழுப்பும் கேள்வி, நேரத்துக்கு வந்து சேர்வாரா என்பது. கோதுமைப் படத்தில் யாரும் யாரையும் காப்பாற்ற ஓடிவருவதில்லை. இரண்டு ஷாட்டுகள் ஒரே நேரத்தில் நடக்கின்றனவா என்பதும் இங்கே பெரிதில்லை. இதனால் அது என்கிறது வெட்டு. வேகத்துக்காகக் கண்டுபிடித்த கருவி வாதத்துக்குப் பயன்படுகிறது.

பணக்காரர்–ஏழை ஒப்பீடு மட்டும் என்றால் முன்னோடிகள் உண்டு. எட்வின் போர்ட்டர் எடிசன் நிறுவனத்துக்காக 1905இல் எடுத்த ‘தி கிளெப்டோமேனியாக்’கில் கடையில் திருடும் பணக்காரப் பெண்ணும் ரொட்டி திருடும் ஏழைப் பெண்ணும் வருகிறார்கள். முன்னவள் விடுதலை, பின்னவளுக்குச் சிறை. ஆனால் போர்ட்டரின் பெண்கள் ஒரே நீதிமன்றத்தில் நிற்கிறார்கள். அநீதி செய்யும் கை யாருடையது என்று விரல் நீட்டிக் காட்டலாம். கிரிஃபித்தின் உலகில் எந்த நீதிபதியும் ரொட்டி விலையை ஏற்றவில்லை.

அன்றைய ‘நியூயார்க் டிராமாட்டிக் மிரர்’ இதழ் இந்த வேறுபாட்டைக் கண்டுகொண்டது. இது திரை நாடகமே அல்ல, ஒரு வாதம், ஒரு தலையங்கம், ஒரு கட்டுரை என்ற பொருளில் அதன் விமர்சனம் எழுதியது. கதையாக்கத்தில் பங்கு பெற்றவராகச் சொல்லப்படும் ஃபிராங்க் உட்ஸ் அதே இதழில் சினிமா விமர்சகர் என்பதையும் மனதில் வைத்துக்கொண்டே அந்தப் பாராட்டைப் படிக்க வேண்டும். ஆனாலும் கணிப்பு சரி.

சோவியத் இயக்குநர் செர்கெய் ஐசன்ஸ்டைன் 1944இல் எழுதிய கட்டுரையில் கிரிஃபித்மேல் ஒரு குற்றம் சுமத்தினார். பணக்காரரும் ஏழையும் ஒன்றையொன்று தொடாத இணைகோடுகள் என்று சமூகத்தைப் பார்த்தவர் என்பதால்தான் அவருடைய படத்தொகுப்பும் இணைகோடுகளாகவே ஓடுகிறது, மோதிப் புதிதாக ஒன்றைப் பிறப்பிப்பதில்லை என்றார். கிரிஃபித்தின் பெரும்பாலான படங்களுக்கு இது பொருந்தும். கோதுமைப் படத்துக்குப் பாதிதான் பொருந்தும். இங்கே கோடுகள் சந்திக்காமல் இருப்பதுதான் சொல்லவந்த செய்தி: தொலைவில் இருந்துகொண்டே ஒருவர் இன்னொருவர் தட்டிலிருந்து எடுக்கலாம்.

மீதிப் பாதி முடிவில் இருக்கிறது. அரசன் சாகும் காட்சி படத்தின் புகழ்பெற்ற காட்சி, என் கணக்கில் பலவீனமான காட்சியும் அதுவே. உலகச் சந்தையே தன் கைக்கு வந்துவிட்டது, நேற்று மட்டும் சொத்தில் 40 லட்சம் டாலர் சேர்ந்தது என்ற செய்தி வந்து, அவன் களிப்பில் தள்ளாடி விழுகிறான். தானியம் கொட்டிக்கொண்டே இருக்கிறது. நடுவே ரொட்டிக் கடையில் கலகம், அதை அடக்கும் போலீஸ். திரும்பி வந்தால் கோதுமைக்கு மேலே ஒரு கை, பிறகு அதுவும் இல்லை. பார்க்கும்போது உடல் சிலிர்க்கத்தான் செய்கிறது. ஆனால் அதுவரை ஓர் அமைப்பைப் பற்றிப் பேசிவந்த படம் இங்கே சட்டென்று பாவமும் தண்டனையுமாகச் சுருங்குகிறது. வணிகன் கெட்டவன், கடவுள் பார்த்துக்கொண்டார். அடுத்த ஆண்டு வந்த ‘தி யூசுரர்’ படத்தில் வட்டிக்காரர் தன் இரும்பு அறைக்குள்ளேயே அடைபட்டு மூச்சு முட்டிச் சாகிறார். சூத்திரம் அமைந்துவிட்டது. படத்தைக் காப்பாற்றுவது, அரசன் செத்தபின் எதுவும் மாறவில்லை என்று விவசாயியைக் காட்டும் நேர்மை. முதலில் இருவர் விதைத்த வயலில் இப்போது ஒருவர், குதிரைகளும் இல்லை.

கிரிஃபித்தைப் பற்றி எழுதுகிறவர் 1915ஐத் தாண்டிப்போக முடியாது. ‘தி பர்த் ஆஃப் எ நேஷன்’ கறுப்பின மக்களை இழிவுபடுத்தி, கூ க்ளக்ஸ் கிளான் கும்பலை மீட்பர்களாகக் காட்டியது. அந்தக் கும்பல் குதிரையேறி வரும் உச்சக் காட்சியைத் தாங்குவது ‘தி லோன்லி வில்லா’வில் பழகிய அதே வெட்டு. கோதுமைப் படத்தில் வரும் ஹென்றி வால்தால்தான் அந்தப் படத்தின் நாயகன். ஏழைகள்மேல் கிரிஃபித்துக்கு இருந்த பரிவு பொய் என்று நான் சொல்ல வரவில்லை. கென்டக்கியில் தென்மாநிலப் படை அதிகாரியின் மகனாக வளர்ந்தவரின் பரிவு யார்வரை நீண்டது, எங்கே நின்றது என்பதைப் படங்களே காட்டுகின்றன.

படத்தை எடுத்த நிறுவனத்தைப் பற்றியும் கேட்க வேண்டும். 1908 டிசம்பரில் எடிசனும் பயோகிராஃபும் வேறு சில நிறுவனங்களும் தங்கள் காப்புரிமைகளை ஒரே இடத்தில் குவித்து மோஷன் பிக்சர் பேட்டன்ட்ஸ் கம்பெனியை அமைத்தன. ஈஸ்ட்மன் கோடாக் தன் படச்சுருளை அந்தக் கூட்டணியின் உரிமம் பெற்றவர்களுக்கே விற்க ஒப்புக்கொண்டது. ஒவ்வொரு கொட்டகைக்காரரும் புரொஜெக்டருக்காக வாரம் 2 டாலர் கப்பம் கட்ட வேண்டும். கச்சாப் பொருள், கருவி, விநியோகம் எல்லாவற்றையும் மடக்கிப் பிடித்த கூட்டணி, ஓராண்டு கழித்து அப்படி மடக்குவதன் கொடுமையைப் பற்றி உரிமம் பெற்ற கொட்டகைகளுக்கு ஒரு படம் அனுப்பியது. 14ஆவது தெருவில் யாராவது இதைச் சொல்லிச் சிரித்திருப்பார்களா என்று அறிய எனக்கு ஆசையாக இருக்கிறது.

சரக்கை மடக்குவதும் சினிமாவை மடக்குவதும் நீதிமன்றம் போயின. பேட்டன் கோதுமைக்கு அடுத்தபடியாகப் பருத்தியில் இறங்கினார். அந்தப் பருத்தி மடக்கல் வழக்கில் 1913இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், சரக்கை மடக்கச் சதி செய்வது ஷெர்மன் ஏகபோகத் தடைச் சட்டத்தின்கீழ் குற்றமாகும் என்றது. 1915இல் அதே சட்டத்தின்கீழ் ஒரு கூட்டரசு நீதிமன்றம் பேட்டன்ட்ஸ் கம்பெனிக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. அதற்குள் கிரிஃபித் பயோகிராஃபை விட்டுப் போய்விட்டார். நீளமான படம் எடுக்க ஆசைப்பட்டவருக்கும், ஒரு ரீல் இரண்டு ரீல் போதும் என்றிருந்த நிறுவனத்துக்கும் ஒத்துப்போகவில்லை.